வேப்பங்குழையும் வேல்கம்பும்

எனக்குப் புத்தி மட்டு என்பதை நான் யாரிடமும் மறைத்ததில்லை. மறைத்தாலும் அது மறைந்து நிற்கிற சாதியில்லை. வாயைத் திறந்ததும் முந்திக்கொண்டு வெளியே வந்துவிடும். ஆனால் பிறவி முட்டாளாக இருப்பது வேறு, படித்தவன் பேச்சைக் கேட்டு முட்டாளாவது வேறு. இரண்டாவது வகைக்கு வேகம் அதிகம். நான்காம் வகுப்பு படிக்கும்போது நான் இரண்டு ஊர்க்காரர்களைக் கம்பும் கையுமாகக் கண்மாய்க்கரையில் ஏற்றி நிறுத்தினேன். அதுவும் சமாதானத்தைக் காப்பாற்றுகிறேன் என்ற நினைப்பில்.

படித்தவர் என் சித்தப்பா. மதுரையில் காலேஜில் இருந்தார். கிறிஸ்துமஸ் லீவுக்கு ஊருக்கு வந்தவர் ஒரு டிரங்குப் பெட்டி நிறையப் புத்தகம் கொண்டுவந்தார். ஐரோப்பாவில் மறுபடியும் சண்டை மூளும் என்று பேப்பரில் எழுதிக்கொண்டிருந்த காலம். லீவு முடிந்ததும் காலேஜ் சங்கத்தில் அவர் ஒரு பிரசங்கம் செய்யவேண்டும். தலைப்பு, நாடுகளுக்கு மேலே நாட்டாமை உண்டா என்பது. வீட்டுக்குள் பேசினால் அம்மா சிரிப்பாள் என்று மாட்டுக்கொட்டிலில் நின்று பழகுவார். இங்கிலீஷில் மாடுகளுக்கு, தமிழில் எனக்கு. மாடுகள் அசைபோட்டுவிட்டு மறந்துவிட்டன. நான் அப்படியே விழுங்கிவிட்டேன்.

ஊரில் சண்டை வந்தால் நாட்டாமை இருக்கிறார், தாண்டினால் போலீஸ் இருக்கிறது, நாடும் நாடும் அடித்துக்கொண்டால் யார் இருக்கிறார்கள் என்று சித்தப்பா காளையைப் பார்த்துக் கேட்பார். யாரும் இல்லை. அதற்குப் பெயர் அராஜகம். முந்நூறு வருஷத்துக்கு முன்னால் ஒரு வெள்ளைக்காரர், மேலே ஓர் ஆள் இல்லாவிட்டால் மனுஷனை மனுஷன் நம்பவே மாட்டான் என்று எழுதிவிட்டாராம். நம்முடைய பழைய காலத்து மந்திரி ஒருவர் அவருக்கும் முந்தி, பெரிய மீன் சின்ன மீனைத் தின்னும் என்றும், பக்கத்து ராஜா எப்போதும் பகை, அவனுக்கு அந்தப் பக்கத்து ராஜா சிநேகிதம் என்றும் கணக்குப் போட்டுவிட்டாராம். ருஷ்யாவில் ஒரு பிரபு மட்டும், அதெல்லாம் இல்லை, ஆள்கிறவன் இல்லாவிட்டாலும் சனங்கள் தங்களுக்குள் ஒத்துப்போவார்கள், எறும்பும் பறவையும் போகவில்லையா என்றாராம். இந்த ருஷ்யாக்காரரைச் சொல்லும்போது சித்தப்பா லேசாகச் சிரிப்பார். அதனால் நானும் சிரித்தேன்.

எனக்கு ஒரு சந்தேகம் வந்தது. பக்கத்து ராஜா பகை என்றால் எங்களுக்குப் பக்கத்து ஊர் கண்மாயின் எதிர்க்கரை ஊர். என் அத்தையைக் கட்டிக்கொடுத்திருப்பது அங்கேதான். அத்தை பகையா என்று கேட்டேன். சித்தப்பா கொஞ்சம் யோசித்து, அத்தை மட்டும் விதிவிலக்கு என்றார்.

எங்கள் ஊர் கொட்டாம்பட்டிப் பக்கம். மேலூர் வரைக்கும் வந்த பெரியாற்றுத் தண்ணீர் எங்களை எட்டிப் பார்க்கவில்லை. கண்மாய்தான் கதி. அந்த ஒரு கண்மாய், ஒரு மடை, அதற்கு இரண்டு ஊர். மற்ற ஊர்களில் மடையைத் திறந்து அடைக்க நீர்ப்பாய்ச்சி என்று ஓர் ஆள் இருப்பார். எங்களுக்கு இல்லை. அந்த ஆள் எந்த ஊர்க்காரனாக இருப்பது என்பதில் முன்னோர்களுக்கு ஒத்துவராமல், ஆளே வேண்டாம் என்று விட்டுவிட்டார்கள். ஒரு நாள் எங்களுக்கு, ஒரு நாள் அவர்களுக்கு. முறை முடிந்த ஊர் விடியலில் மடையைச் சேறு வைத்து அடைத்து, அந்தச் சேற்றில் இலையும் கொழுந்துமாக ஒடித்த ஒரு வேப்பங்குழையைச் செருகிவிட்டுப் போகும். அடுத்த ஊர் வந்து குழையைப் பிடுங்கிவிட்டுத் திறக்கும். அவர்கள் பிடுங்குகிற வரைக்கும் மடையை ஒருத்தரும் தொடமாட்டார்கள். காவலும் கிடையாது.

காவல் கிடையாது என்பதுதான் என் தூக்கத்தைக் கெடுத்தது. மேலே ஆள் இல்லை, பக்கத்து ஊர் பகை, நடுவில் ஒரு வேப்பங்குழை. வெள்ளைக்காரர் கேட்டால் என்ன நினைப்பார்? கார்த்திகையோடு மழையும் நின்றுவிட்டது. அப்பாவின் வயல் தண்ணீர் கடைசியாக வந்து சேருகிற கடைமடை. கதிர் பால் பிடிக்கிற சமயம், இன்னும் ஒரு தண்ணீர் பாய்ந்தால் நெல், இல்லாவிட்டால் பதர். இரண்டு நாளாக வீட்டுக்கும் மடைக்கும் நடந்துகொண்டிருந்தேன்.

மூன்றாம் நாள், எங்கள் முறை முடிந்து குழை செருகிய விடியலில், பரணில் கிடந்த துருப்பிடித்த வேல்கம்பை உருவிக்கொண்டு போய் மடைக்கு மேலே நின்றேன். என்னைப்போல் இரண்டு மடங்கு உயரம் அந்த வேல்கம்பு. தூரத்திலிருந்து பார்த்தால் அது என்னைப் பிடித்துக்கொண்டு நிற்பதுபோல் இருந்திருக்கும்.

மடை திறக்க வந்த எதிர்க்கரை ஆட்கள் இருவர் பாதிக்கரையிலேயே நின்றுவிட்டார்கள். யார்றா ஒன்னய நிக்கச் சொன்னது என்று ஒருவர் கேட்டார். நாடுகள் மனசில் இருப்பதை வெளியே சொல்லக்கூடாது என்று சித்தப்பா சொல்லியிருந்ததால் வாயை இறுக்கி மூடிக்கொண்டேன். சின்னப்பயலை முன்னால் விட்டு நோட்டம் பார்க்கிறார்கள் என்று பேசிக்கொண்டே அவர்கள் திரும்பினார்கள்.

கொஞ்ச நேரத்தில் எதிரே ஒரு சிலம்பக்கம்பு வந்து நின்றது. பிடித்திருந்தவன் என் அத்தை மகன். என் வயதுதான். முந்தின வாரம் ஒரே கிளையில் தொங்கி நாவற்கொம்பை முறித்தவர்கள் நாங்கள். இப்போது அவன் என் வேல்கம்பைப் பார்த்தான், நான் அவன் சிலம்பக்கம்பைப் பார்த்தேன்.

அவன் கம்போடு நிற்பதைப் பார்த்து எங்கள் ஊரில் நான்கு பேர் வந்தார்கள். நான்கு பேரைப் பார்த்து அங்கே பத்துப் பேர். அப்பா மூச்சிரைக்க வந்து என்னடா என்று கேட்டார். அவுக காவலுக்கு ஆள் வச்சுட்டாக என்றேன். பொய் சொல்லவில்லை, வரிசையை மட்டும் சொல்லவில்லை. மத்தியானத்துக்குள் இரண்டு கரையிலும் தலையும் கம்புமாக இருந்தது. நடுவே மடை அடைத்தபடி கிடந்தது. குழையைப் பிடுங்கினால் நாங்கள் மேலே பாய்வோம் என்று அவர்கள் பிடுங்கவில்லை. முறைத் தண்ணீரைக்கூட எடுக்காமல் நிற்கிறார்களே, என்னமோ பெரிதாகத் திட்டம் போடுகிறார்கள் என்று எங்கள் ஆட்கள் நகரவில்லை. அவர்கள் பாய்ச்சி முடித்தால்தான் எங்களுக்கு முறை வரும்.

மறுநாளும் அப்படியே. சித்தப்பா வைக்கோற்போரின் உச்சியில் ஏறி உட்கார்ந்துகொண்டு, பாத்தியாடா, மேல ஒரு ஆளு இல்லேன்னா இதுதான் நடக்கும் என்று பூரித்தார். அப்பா பூரிக்கவில்லை. கரையில் குத்தவைத்தவர் எதிரிகளைப் பார்த்ததைவிடத் தன் வயலைத்தான் அதிகம் திரும்பித் திரும்பிப் பார்த்தார். கடைமடையில் மண் வெடிப்பு விட்டிருந்தது. நான் அவர் பக்கம் பார்க்காமல் வேல்கம்பை இந்தக் கைக்கும் அந்தக் கைக்கும் மாற்றிக்கொண்டிருந்தேன்.

சாயங்காலம் போல அத்தை தன் மகனுக்குக் கஞ்சிக்கலயம் எடுத்துக்கொண்டு கரைமேல் வந்தாள். அவள் எங்கே போனாலும் அவளுடைய வெள்ளாடு பின்னாலேயே வரும். அவள் நேரே அப்பாவிடம் வந்தாள்.

"ஏண்ணே, அங்க வயலு வெடிச்சுக் கெடக்கு. இங்க என்னத்தப் பாத்துக்கிட்டு ஒக்காந்துருக்கீக?"

"ஒங்க ஊருக்காரவுக கம்போட நிக்காகல்ல."

"அங்கயும் இதத்தாண்ணே சொல்லுறாக."

அத்தை இப்படி அப்பாவோடு பேசிக்கொண்டிருக்க, ஆடு நிதானமாக மடைக்குள் இறங்கியது. வேப்பங்குழையை மோந்து பார்த்தது. அத்தனை கம்பும் பார்த்துக்கொண்டிருக்க, கொழுந்திலிருந்து தொடங்கி, இழுத்து, பிடுங்கி, தின்றுவிட்டது. குண்டூசி போட இடமில்லாத அந்தக் கரையில் ஒருத்தருக்கும் ஆட்டை விரட்டத் தோன்றவில்லை. கையில் ஆடு ஓட்டுகிற குச்சி வைத்திருந்த அத்தையும் விரட்டவில்லை. ஆடு எதிலாவது வாய் வைத்தால் அடிக்கு முன் வசவைக் கொட்டுகிற அத்தை அன்று ஏன் சும்மா நின்றாள் என்று நான் யோசித்ததே வெகுகாலம் கழித்துத்தான்.

எதிர்க்கரையில் அத்தை வீட்டு மாமா தொண்டையைக் கனைத்தார்.

"கொழைதான் போயிருச்சே. பெறகென்ன, தொறங்கப்பா."

யாரோ சிரித்தார்கள். எந்தக் கரை என்று தெரியவில்லை. மண்வெட்டி இறங்கியது. தண்ணீர் போன சத்தத்தில் கம்புகள் ஒவ்வொன்றாகக் கலைந்தன.

எங்கள் முறை வந்தபோது கடைமடையில் கால்வாசி பதராகிவிட்டது. அப்பா ஒரு கதிரை உருவி உள்ளங்கையில் வைத்து ஊதிப் பார்த்துவிட்டு, மண்வெட்டியை எடுத்துக்கொண்டு வரப்பில் இறங்கினார். சித்தப்பா எங்கள் ஊரையே உதாரணமாக வைத்துப் பேசிக் காலேஜில் பரிசு வாங்கினார். அதற்கு முன்னால் அந்தக் குழை எத்தனை தலைமுறை காவலில்லாமல் நின்றது என்று அவரும் கேட்கவில்லை, எனக்கும் கேட்கத் தெரியவில்லை. எதிர்க்கரைக்காரர்கள்தான் முதலில் ஆரம்பித்தார்கள் என்று நான் மனசார நம்பிக்கொண்டிருந்தேன்.

அந்த நம்பிக்கையோடுதான், மடை திறந்த மறுநாள், வாய்க்காலில் கால் தொங்கப் போட்டிருந்த அத்தை மகனிடம் போய் நியாயம் கேட்டேன்.

"ஏன் மாப்ள, நான் பாட்டுக்குச் சும்மாதான நின்னேன். நீ எதுக்குடா கம்பத் தூக்கிக்கிட்டு வந்த?"

அவன் கையிலிருந்த கரும்பை ஒரு கடி கடித்து, சாற்றை உறிஞ்சி, சக்கையைத் தண்ணீரில் துப்பினான். அது மிதந்து எங்கள் வயல் பக்கம் போவதைப் பார்த்துக்கொண்டே, முகத்தைத் திருப்பாமல் சொன்னான்:

"நீ நின்னேல்ல."