சாவிக்காரர் பொறுப்பை ஒப்படைத்த ஏழு நாட்கள்

அவருடைய வேலையை வாங்கிக்கொள்ளப் போனபோதுதான் அவரை முதன்முதலாகப் பார்த்தேன். குடிநீர் வாரியத்தின் பகுதி அலுவலகம், மேல்நிலைத் தொட்டிக்குக் கீழே இரண்டு அறைகள். என் கையில் நியமன ஆணை. அவர் கையில் ஆளுயர இரும்புச் சாவி. தெருவுக்கு அடியில் இருக்கும் வால்வுகளைத் திருப்புவதற்கானது அது. அதனால் எல்லோருக்கும் அவர் சாவிக்காரர்.

"வாங்க தம்பி, டீ குடிச்சீங்களா?" என்றார்.

நான்கு வருடங்களுக்கு முன் வாரியம் ஒரு தேர்வு நடத்தியது. அதில் ஒரு கேள்விக்குத் தவறான விடையைச் சரியென்று வைத்துத் தாள் திருத்திவிட்டார்கள். சரியாக எழுதிய எனக்கு ஒரு மதிப்பெண் போயிற்று, அவருக்கு ஒன்று கிடைத்தது. கடைசி இடம் அவருக்குப் போனது. எங்கள் வீட்டில் கல்லூரிப் படி ஏறிய முதல் ஆள் நான். என் பட்டத்தைக் கண்ணாடி போட்டு மாட்டியிருந்த அப்பா, "நீ தப்பா எழுதியிருக்க மாட்ட, விடாதே" என்றார். வழக்குப் போட்டேன். பட்டியலைத் திருத்தச் சொல்லித் தீர்ப்பு வந்தது. திருத்தினார்கள். நான் உள்ளே, அவர் வெளியே.

அவர் ஒரு தில்லுமுல்லும் செய்தவரில்லை. "பாடப்புத்தகத்துல இருந்ததைத்தான் தம்பி எழுதினேன்" என்று ஒரு நாளைக்கு மூன்று தடவையாவது என்னிடம் சொன்னார்.

ஏழு நாட்களுக்குள் பொறுப்பேற்காவிட்டால் என் நியமனம் ரத்தாகிவிடும். பொறுப்பேற்பது என்றால் அந்தப் பகுதியின் நாற்பத்தேழு வால்வுகளையும் பழையவர் புதியவருக்கு நேரில் காட்டித் திருப்பிக் காண்பிக்க வேண்டும். வரைபடம் என்று ஒன்று இருந்தது, பாதித் தெருக்கள் அதில் இல்லை. எல்லாம் முடிந்து இருவரும் கையெழுத்துப் போடும்வரை அவர் பணியில் இருப்பவர். அவரும் நீதிமன்றத்தில் மனுப் போட்டிருந்தார். அதற்குள் தடை உத்தரவு கிடைத்தால் தப்பித்தார்.

தெருத் தெருவாக நடந்தோம். போன் மணி அடிக்கும்போதெல்லாம் சாவியை நழுவவிட்டார். வக்கீலாக இருக்குமோ என்ற பயம், வக்கீலாக இல்லாமல் போய்விடுமோ என்ற பயம்.

"என்ன சாவிக்காரரே, அசிஸ்டெண்ட் எல்லாம் வெச்சுட்டீங்க! தண்ணி மட்டும் அரை மணிதானா?" என்று வாசல் கூட்டிக்கொண்டிருந்த ஒரு பெண் சீண்டினாள்.

"பெரிய ஆபீசர் ஆயிட்டேன்ல அக்கா!" என்று சிரித்தார். முனை திரும்பியதும் ஒரு கடைப் படியில் உட்கார்ந்துவிட்டார். "யார்கிட்டயும் சொல்லிடாதீங்க தம்பி. எம் பொண்ணு இந்தத் தெரு ஸ்கூல்லதான் படிக்கிறா."

தொட்டிக்குப் பின்னால் அவருக்கு வாரியம் கொடுத்த வீடு. வேலை போனால் அதுவும் போகும். ஐந்தாம் நாள் அங்கே தண்ணீர் குடித்தேன். செம்பை நீட்டிய அவர் மனைவி, "ரெண்டு பேரையும் வெச்சுக்க இடமே இல்லையாமா?" என்று கேட்டார்.

"ஆபீஸ் இன்ஜினியர்கிட்ட கேட்டேன்க்கா. இடம் ஒண்ணுதான்னுட்டார்."

"விடையைத் தப்பா வெச்சவங்க வீட்ல யாராச்சும் பெட்டி கட்டுறாங்களா?"

அவர்களும் இன்னும் பெட்டி கட்டியிருக்கவில்லை. பெட்டி பரணிலேயே இருந்தது.

ஆறாம் நாள் மாலை நாற்பத்தாறு முடிந்தது. மிச்சம் ஒன்று, ஆஸ்பத்திரித் தெருவில். "இங்கதான் இருந்துச்சு, ரோடு போட்டப்ப மூடிட்டாங்க போல" என்றார். ஏழாம் நாள் காலையிலிருந்து சாவியால் தார் ரோட்டைத் தட்டிக்கொண்டே இருந்தார். மணி மூன்றாயிற்று.

"அண்ணே, அஞ்சு மணிக்குள்ள முடியலன்னா எனக்கு வேலை இல்ல."

"எனக்கு மட்டும் இருக்கா?" அதுவரை அவர் குரல் உயர்ந்து நான் கேட்டதில்லை. உடனே தணிந்தார். "இன்னைக்குக் கேஸ் வரிசையில இருக்காம் தம்பி. சாயங்காலத்துக்குள்ள கூப்பிட்டுடுவாங்களாம்."

அப்போது இன்ஜினியர் என்னை அழைத்தார். போனில் அவர் கத்தியது பக்கத்தில் நின்றவருக்கும் கேட்டது. "கிடைக்கலன்னா எழுதிக் குடுப்பா. ஒப்படைக்க மறுத்தார்னு அவர்மேல நடவடிக்கை எடுத்துடறேன்."

நடவடிக்கை விழுந்தால், நாளைக்கு வழக்கில் ஜெயித்தாலும் வேலைக்குத் திரும்ப முடியாது. சாவிக்காரர் பத்தடி தள்ளிப் போனார். மதில் ஓரம் கிடந்த மண்ணைக் காலால் ஒதுக்கினார், பிறகு மண்டியிட்டுக் கையால் வாரினார். இரும்பு மூடி தெரிந்தது.

"நேத்துக் காலைல நான்தான் மண்ணைப் போட்டேன். எழுதிடாதீங்க தம்பி, உங்க கால்ல விழுறேன்."

"ஐயோ, எந்திரிங்கண்ணே!"

எழுந்து மூடியைத் திறந்து சாவியை மாட்டினார். "மத்ததெல்லாம் வலப்பக்கம் சுத்தினா மூடும். இது மட்டும் இடப்பக்கம். மறந்துடாதீங்க, ஆஸ்பத்திரி லைன்."

நாலு நாற்பதுக்குக் கையெழுத்துப் போட்டோம். மண்ணைப் பற்றி நான் எழுதவில்லை.

மறுநாள் பதினோரு மணிக்கு உத்தரவு வந்தது. வழக்கு முடியும்வரை இன்றுள்ள நிலையே தொடர வேண்டும் என்றது அது. அதைத் தூக்கிக்கொண்டு மூச்சிரைக்க ஓடிவந்தார். இன்ஜினியர் இரண்டு தடவை படித்தார்.

"நேத்தே உங்களை விடுவிச்சாச்சே. இன்னைக்கு நீங்க வெளியில இருக்கீங்க. அதுதான் தொடரணும்னு இதுல இருக்கு."

சாவிக்காரர் என் பக்கம் திரும்பினார். "அப்படியா தம்பி? நீங்க படிச்சவர், நீங்க சொல்லுங்க."

வாங்கிப் படித்தேன். அப்படித்தான் இருந்தது. சொன்னேன்.

ஒன்றரை வருடம் ஆகிறது. வீட்டைக் காலி செய்துவிட்டார். இப்போது ஒரு தனியார் அடுக்குமாடிக் குடியிருப்பில் தண்ணீர் மோட்டார் போடுகிறார். வழக்கு இன்னும் இறுதி விசாரணைக்கு வரவில்லை. அவர் இடத்தில் நான் வேலை பார்க்கிறேன்.