மாயவன் தண்ணீர் தெளித்த ஆடுகள்

மாயவன் தண்ணீர் தெளித்துச் சிலுப்பாத ஆடு எங்கள் பக்கத்தில் கிடையாது. கள்ளக்குறிச்சியிலிருந்து கச்சிராயபாளையம் போகும் சாலையில், கல்வராயன் மலை மேகம் மாதிரி இல்லாமல் மலை மாதிரியே தெரிய ஆரம்பிக்கும் இடத்தில் எங்கள் ஊர் இருக்கிறது. சாமிக்கு நேர்ந்த ஆட்டை வெட்டுவதற்கு முன்னால் அதனிடம் சம்மதம் கேட்பது இங்கே வழக்கம். மஞ்சள் தண்ணீர் தெளிப்பார்கள். ஆடு உடம்பைச் சிலுப்பினால் சாமி உத்தரவு கொடுத்துவிட்டது, ஆட்டுக்கும் ஆட்சேபணை இல்லை. சிலுப்பாவிட்டால், நேர்ந்துகொண்ட குடும்பத்தில் யாரோ மனசில் எதையோ வைத்துக்கொண்டு நிற்கிறார்கள். அதை வாய்விட்டுச் சொல்லும்வரை கத்தி இறங்காது, குழம்பும் கொதிக்காது.

வெட்டுவது முனிக்கு. அய்யனாருக்கு இல்லை, அவர் சைவம். அதனால் வெட்டும்போது அவர் முகத்துக்கு நேரே ஒரு வேட்டியைத் திரையாகக் கட்டிவிடுவார்கள். பத்தடி தள்ளி ரத்தம் ஓடும், வாசனை வரும், ஊரே சாப்பிடும். அய்யனாருக்கு ஒன்றும் தெரியாது என்று எல்லோரும் சேர்ந்து முடிவு செய்திருந்தார்கள்.

மாயவனுக்கு அப்போது நாற்பத்தைந்து வயது இருக்கும். தன் காட்டில் மரவள்ளி, ஊரார் காட்டில் கரும்பு வெட்டு. எல்லாமே இடக்கை. சோற்றை மட்டும், சின்ன வயதில் வாங்கிய அடியின் காரணமாக, வலக்கையால் சாப்பிடுவார். ஒருத்தன் நடந்து வருவதைப் பார்த்தே அவன் மனசில் என்ன இருக்கிறதென்று சொல்லிவிடுவேன் என்பார். பெரும்பாலும் தப்பாகச் சொல்வார். ஆனால் அவ்வளவு உறுதியாகச் சொல்வதால், சம்பந்தப்பட்டவனே ஒருவேளை அப்படித்தான் நினைத்தோமோ என்று குழம்பிப்போவான்.

நான் அஞ்சல் வழியில் தத்துவம் படித்துக்கொண்டிருந்தேன். கூடவே புதுக்கவிதைகள். கவிதைகளில் எல்லோரும் தனியாக இருந்தார்கள். எங்கள் ஊரில் தனியாக இருக்க இடமே கிடையாது, வெளிக்குப் போனால்கூட எதிரில் ஒருவர் உட்கார்ந்து நலம் விசாரிப்பார். பாடப் புத்தகத்தில் ஒரு சிக்கல் இருந்தது: எனக்கு மனம் இருப்பது எனக்குத் தெரியும், அடுத்தவனுக்கு இருக்கிறது என்பதற்கு என்ன சான்று? அவன் உடம்பு செய்வதைப் பார்த்து ஊகிக்கிறோம், அவ்வளவுதான். பெரிய பெரிய ஆட்கள் இதில் ஆயுளைத் தொலைத்திருந்தார்கள். மாயவனிடம் சொன்னேன். அவர் பீடியைக் காதில் செருகிக்கொண்டு சிரித்தார்.

“இதுக்கு இன்னாத்துக்கு மாப்ளே புஸ்தகம்? காதுல ஊத்து. தானா தெரியும்.”

அதுதான் அவருடைய வித்தை. முதுகில் தெளிப்பதுபோல் கையை வீசுவார். கடைசி வீச்சில் நாலு சொட்டு, குளிர்ந்த கிணற்றுத் தண்ணீர், நேராக ஆட்டின் காதுக்குள் போகும். இடக்கை என்பதால் அந்தக் கோணம் யாருக்கும் பிடிபடாது. காதில் தண்ணீர் போன பிறகு எந்த ஆடு சும்மா இருக்கும்? முப்பது வருஷமாக ஊரின் சாமி உத்தரவு அந்த நாலு சொட்டில் நடந்துகொண்டிருந்தது. என்னிடம் மட்டும் சொன்னார். நான் அதிகம் பேசாதவன், அதனால் என்னை ஒரு கிணறு என்று நினைத்துவிட்டார். கிணற்றில் வாளி இறங்கும் என்பது அவருக்குத் தோன்றவில்லை.

எண்பத்தேழு செப்டம்பரில் இட ஒதுக்கீட்டுக்கான சாலை மறியல் வந்தது. ஒரு வாரம் பஸ் இல்லை, லாரி இல்லை. சாலையோரம் நின்ற மரங்களெல்லாம் சாலையில் படுத்தன. வேலை கேட்டுத்தான் மரம் வெட்டினார்கள். மரம் வெட்டுகிற வேலை மட்டும் அந்த வாரம் எல்லோருக்கும் கிடைத்தது. மூன்றாம் நாள் விடியும்போது எங்கள் ஊர் வளைவில் ஒரு பெரிய புளியமரம் சாலைக்குக் குறுக்கே கிடந்தது. போராட்டத்துக்கு அதைவிட நல்ல மரம் கிடைத்திருக்காது என்று தியாகதுருகம் வரைக்கும் பேச்சு.

அது மாயவனின் அண்ணன் சடையனுடைய மரம். சாலையோரம் அண்ணன் தம்பி காடுகள் சேருமிடத்தில், வரப்பிலிருந்து ஒரு சாண் அண்ணன் பக்கம் நின்றது. நிழல் முழுக்கத் தம்பி பக்கம். அந்த நிழலில் மாயவனின் மரவள்ளி நாலு வரிசை கிழங்கே வைக்காமல் குச்சியாக நிற்கும். புளியம்பழம் அண்ணன் வீட்டுக்கு. கிளையையாவது கழித்துவிடு என்று பத்து வருஷம் கேட்டுப் பார்த்தார். சடையன் காதில் வாங்கவில்லை.

மரம் விழுந்த அன்று காலை சடையனின் மகன் கொளஞ்சியப்பன் வேடிக்கை பார்க்கப் போனான். பன்னிரண்டாவது முடித்து, அரசு வேலைக்கு விண்ணப்பம் போட்டுவிட்டுக் காத்திருந்தவன். தன் வீட்டு மரம் இப்படிக் கிடக்கிறதே என்று அதன்மேல் ஏறி உட்கார்ந்தான். அந்த நேரம் பார்த்துப் போலீஸ் வந்தது. மரத்தின்மேல் உட்கார்ந்திருப்பவன்தான் மரத்தை வெட்டியவன் என்று ஊகித்தார்கள். உடம்பு செய்வதைப் பார்த்து மனசை ஊகிக்கிற அதே பாடம். இருபத்திரண்டு நாள் கடலூர் சிறையில் இருந்தான். ஜாமீனில் வந்தான். வழக்கு முடியாமல் இழுத்துக்கொண்டிருந்தது. அது முடியும்வரை அரசு வேலை கிடையாது. போராட்டம் ஜெயித்தாலும் இவனுக்குப் பிரயோஜனம் இல்லை.

வெட்டியது யார் என்பது மரத்தின் அடிக்கட்டையைப் பார்த்த எவருக்கும் தெரியும். கோடரி விழுந்த சாய்வு முழுக்க இடக்கைச் சாய்வு. ஊரில் இடக்கை ஒன்றுதான். சடையனுக்குத் தெரியும். அவர் மனைவி தைலம்மாளுக்குத் தெரியும். மாயவனின் மனைவி சின்னப்பொண்ணு தினமும் அந்தக் கட்டையைத் தாண்டித்தான் களையெடுக்கப் போவாள். எல்லோருக்கும் தெரியும், எல்லோருக்கும் தெரியும் என்பதும் எல்லோருக்கும் தெரியும். யாருக்கும் தெரியாது என்று நம்பியவர் ஒருவர்தான், அவர்தான் அடுத்தவர் மனசைப் படிப்பவர். தம்பியைக் கொண்டுபோய் ஸ்டேஷனில் காட்டிக்கொடுக்கச் சடையனுக்கு வாய் வரவில்லை. அவனாகச் சொல்லட்டும் என்று காத்திருந்தார். தை பிறந்தது. வேலைக்கான நேர்காணல் மாசியில். மாயவன் சொல்லவில்லை.

மகன் வெளியே வந்தால் ஆடு என்று தைலம்மாள் வேண்டிக்கொண்டிருந்தாள். கொளஞ்சியப்பன் தானே மலையேறி, வெள்ளிமலைப் பக்கமிருந்து ஒரு கருப்பு வெள்ளாட்டைப் பிடித்து வந்தான். குளிப்பாட்டி, மஞ்சள் பூசி, மாலை போட்டு அவனே கோயிலுக்குக் கூட்டி வந்தான். அய்யனாருக்குத் திரை கட்டியாகிவிட்டது. மாயவன் செம்பை எடுத்தார்.

முதல் தெளிப்பு. ஆடு மாலையிலிருந்த சாமந்தியைத் தின்றது. இரண்டாவது. அடுத்த சாமந்தி. மூன்றாவதில் மாயவன் காதுக்கே விட்டார், நான் பார்த்தேன். ஆடு அவரை ஒரு தடவை நிமிர்ந்து பார்த்துவிட்டு மறுபடி தின்றது.

மலை ஆடாச்சே, நம்ம சாமி பாஷை புரியவில்லை போலும் என்று மாயவன் சமாளித்தார். யாரும் சிரிக்கவில்லை. பூசாரி வழக்கப்படி குடும்பத்தைக் கேட்டார். தைலம்மாள் முன்னால் வந்து, வேண்டியபோது கிடா என்றுதான் நினைத்ததாகவும், பிறகு மனசுக்குள் பெட்டையாக மாற்றிக்கொண்டதாகவும் ஒப்புக்கொண்டு கன்னத்தில் போட்டுக்கொண்டாள். தெளித்தார்கள். ஆடு அசையவில்லை. சடையன், தம்பி கிளை கழிக்கச் சொன்னபோது கேட்டிருக்கலாம் என்றார். அசையவில்லை. யாரும் கேட்காமலே பூசாரி, காலையில் தான் ஒரு முட்டை தின்றுவிட்டதைச் சொன்னார். ஆடு மாலையை முடித்துவிட்டு நாரை மென்றது.

சின்னப்பொண்ணு முறை. அவள் புருஷனைப் பார்த்தபடியே சொன்னாள்.

“எம் மனசுல இருக்கிறத சொல்ல ஆரம்பிச்சா நீங்க இன்னிக்கு சோறு துன்ன முடியாது. மொதல்ல செம்பு வச்சிக்கினு நிக்கிறவர கேளுங்க.”

மாயவன் மறுபடி காதில் விட்டார். இந்தத் தடவை மறைக்கக்கூட இல்லை, அரைச் செம்பு. ஆடு நின்றது. முப்பது வருஷத்தில் அவருடைய கை தோற்றதே இல்லை. கையில் பிழை இல்லையென்றால் வேறு எங்கே பிழை? தான் செய்தது ஏமாற்று என்பது அவருக்குத் தெரியும். அந்த ஏமாற்றே வேலை செய்யவில்லை என்றால், அதற்குப் பின்னால் நிஜமாகவே ஒருவர் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். மாயவன் முகத்தில் அந்தக் கணக்கு ஓடுவதை நான் படித்தேன். செம்பைக் கீழே வைத்தார்.

“மரத்த நாந்தான் வெட்டினேன், அண்ணே. போராட்டத்துக்கு இல்ல. நெழலுக்கு.”

காற்றில் திரை ஆடியது. சடையன் துண்டால் முகத்தைத் துடைத்தார்.

“தெரியும்டா.”

“எப்படி?”

“நீதான் எல்லார் மனசும் படிப்பியே. எங்க மனச படிக்க வேண்டியதுதான?”

கொளஞ்சியப்பன் ஆட்டின் கழுத்தைக் கட்டிக்கொண்டான். சிறைக்குப் போய் வந்த பிள்ளை ஆட்டிடம் அழுகிறான் என்று தைலம்மாளும் அழுதாள். அவன் விரல்கள் அதன் இரண்டு காதுக்குள்ளும் போய் வந்ததை, அவனுக்குப் பின்னால் நின்ற நான் பார்த்தேன். எண்ணெயில் முக்கிய பஞ்சு, ஒரு காதுக்கு ஒன்று. கையை மூடிக்கொண்டு எழுந்தான். என்னைப் பார்த்தான். நான் மலையைப் பார்த்தேன்.

“இப்ப ஊத்து சித்தப்பா,” என்றான்.

நாலு சொட்டு. தலையிலிருந்து வால்வரை ஆடு அப்படியொரு சிலுப்பு சிலுப்பியதில் பூசாரியின் திருநீறெல்லாம் நனைந்தது.

மறுநாள் அண்ணனும் தம்பியும் ஸ்டேஷனுக்குப் போனார்கள். அங்கே எளிதில் ஒத்துக்கொள்ளவில்லை. அந்த மரத்துக்கு ஏற்கெனவே ஆள் இருக்கிறது, வேறு மரம் வேண்டுமானால் எடுத்துக்கொள் என்றார்களாம். கடைசியில் கொல்லைப்புறத்தில் கிடந்த கட்டையை வெட்டிக் காட்டச் சொல்லி, இடக்கைச் சாய்வைப் பார்த்த பிறகுதான் நம்பினார்கள். ஒரு வாரத்துக்கு வேண்டிய விறகும் ஆயிற்று. மாயவனுக்குப் பதினைந்து நாள். கொளஞ்சியப்பன் பெயரை எடுத்தார்கள், மாசியில் நேர்காணலுக்குப் போனான், வேலையும் கிடைத்தது. அடிக்கட்டையில் புளி மறுபடி துளிர்த்தது. மாயவன் அதைக் கிள்ளவில்லை.

கெட்டுப்போனது ஊர்ச் சாப்பாடுதான். மாயவன் திரும்பி வந்ததிலிருந்து ஆட்டின் காதுப் பக்கமே கையைக் கொண்டுபோவதில்லை. முதுகில் பக்தியோடு தெளித்துவிட்டுக் கைகட்டி நிற்பார். ஆடு எப்போது சிலுப்புகிறதோ அப்போது. ஊரில் சாமியை நிஜமாக நம்புகிறவர் இப்போது அவர் ஒருவர்தான். மற்றவர்கள் பசியோடு மணிக்கணக்கில் உட்கார்ந்து, இந்த ஆள் திருடனாக இருந்தபோதே நன்றாக இருந்தார் என்று முணுமுணுத்தார்கள்.

இரண்டு வருஷம் கழித்து, நான் தத்துவத்தில் தேறியதற்காக என் அம்மா ஒரு ஆடு வெட்டினாள். எத்தனையோ தடவை எழுதித் தேறியது, ஆடு நியாயம்தான். மாயவன் தெளித்தார். உச்சி வெயில் சாய்ந்தது. ஆடு சிலுப்பவில்லை. அம்மா தன் மனசைத் துழாவி நாலைந்து பழைய சங்கதிகளைச் சொல்லி முடித்தாள். மாயவன் என் பக்கம் திரும்பினார். முன்னெல்லாம் மனசைப் படிக்கிறேன் என்று பார்ப்பாரே, அந்தப் பார்வை இல்லை. தெரியாததால் கேட்பவரின் பார்வை.

“எதனா மனசுல வச்சிக்கினு இருக்கிறியா மாப்ளே?”

எண்ணெய்ப் பஞ்சு இரண்டும் என் கண்ணுக்குள் நின்றன. சொன்னால் சோறு சீக்கிரம் கிடைக்கும், மனுஷன் பழையபடி ஆகிவிடுவார். அண்ணனிடம் சொன்ன அந்த ஒரு வாக்கியத்தையும் பஞ்சுதான் பேசவைத்தது என்று ஆகிவிடும்.

“ஒண்ணும் இல்ல மாமா,” என்றேன்.

ஆடு சிலுப்பியது.