அருணா போட்ட தண்டவாளம்

மலைமேல் இருக்கும் புதூர்நாட்டுக்கு ரயில் கிடையாது. ஜீப்பும் ஓரிரு பஸ்ஸும்தான். அங்கே தையல் கடை வைத்திருக்கும் அருணா, முப்பத்தெட்டாவது வயதில் தன் வீட்டு முன்னறையில் ரயில் விடுவதென்று முடிவெடுத்தாள்.

கல்யாணத்துக்கு முன் ஆறு வருடம் திருப்பூர் பனியன் கம்பெனியில் தைத்தவள் அவள். விடுமுறை முடிந்து ஜோலார்பேட்டையில் ரயில் ஏறும்போது ஜன்னலோரம் கிடைத்துவிட்டால் பசிகூடத் தெரியாது. யாரோ பலகைமேல் குட்டி ரயில் ஓட்டுவதைப் போனில் பார்த்ததும் பழைய ஆசை தொற்றிக்கொண்டது. ஓர் இன்ஜின், மூன்று பெட்டி, பூட்டிக்கொள்ளும் தண்டவாளத் துண்டுகள் என்று ஒரு செட் வரவழைத்தாள். திருப்பத்தூரிலிருந்து அதை ஜீப்பில் கொண்டுவந்து இறக்கியவர் அவள் கணவர் சின்னக்குழந்தை. அந்த மலைப் பாதையில் ஜீப் ஓட்டுவதுதான் அவர் தொழில்.

பழுப்புத் தாளில், துணிக்குக் கோடு போடும் சாக்பீஸால் படம் வரைந்தாள். கீழே ஒரு ஸ்டேஷன், நடுவில் மலை, உச்சியில் புதூர்நாடு ஸ்டேஷன். மூன்றடி அகலப் பலகை போதுமென்று கண்ணளவில் வாங்கியது முதல் தப்பு. வளைவு விளிம்பிலேயே நின்றது. பெட்டி திரும்பும்போது வெளியே நீட்டிக்கொண்டு தரையில் விழுந்தது. ரவிக்கைத் துணியை அளவில்லாமல் வெட்டுவாளா அவள்? தன்னையே திட்டிக்கொண்டாள்.

அடுத்த தப்பு மலை. தெர்மாகோலை அடுக்கித் தண்டவாளத்தை ஒரு சாண் உயரம் ஏற்றினாள். இன்ஜின் பாதியில் நின்றது. சக்கரம் மட்டும் சுழன்றது.

நாலு நாளாகப் பார்த்துக்கொண்டிருந்த சின்னக்குழந்தை அன்றைக்குக் கேட்டார்: "இன்னா அருணா, திரும்பத் திருப்பூருக்கே போவணும்னு இருக்குதா?"

அவளுக்குச் சுருக்கென்றது.

"போறவளா இருந்தா எப்பவோ போய்ட்டிருப்பேன். அங்க ஆறு வருசம் மெஷின்ல குனிஞ்ச தலதாங்க. ரயில்ல உக்காந்தாத்தான் நிமுந்து பாப்பேன். அத விட மனசு வரல, அவ்ளோதான்."

அவர் பலகையருகே குந்தி, சரிவைக் கையால் தடவினார்.

"இவ்ளோ செங்குத்தா இருந்தா என் ஜீப்பே திணறும். ரயிலுக்கு இன்னும் நீளமா சுத்தி வரணும்."

"அதுக்கு இந்த வூடு பத்தாதுங்க."

"அப்ப ரயிலு கீழயே ஓடட்டும். எறங்கி ஜீப்புல ஏறி வரட்டும் ஜனங்க."

அருணா தாளில் உச்சி ஸ்டேஷனை அழித்துவிட்டு, ஜீப் ரோடு வரையச் சாக்பீஸை அவரிடம் நீட்டினாள். ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவையும் அவர் கண் மூடாத குறையாகப் போட்டார். அந்த வாரமே ஜீப் கூரைமேல் நாலடி அகலப் பலகை வந்தது.

ஞாயிற்றுக்கிழமை, கீழ் ஸ்டேஷனைச் செய்ய அளவெடுப்பதற்காக இருவரும் ஜோலார்பேட்டை போனார்கள். பிளாட்பாரம் டிக்கெட் எடுத்து, இஞ்ச் டேப்பால் பெஞ்சையும் தூணையும் அளந்தாள் அருணா. மறுமுனையை அவர் பிடித்துக்கொண்டார்.

"ரயில்வே ஆளுங்களா?" என்று கேட்டார் ஒரு பெரியவர்.

"ஆமாங்க. புதூர்நாடு லைனு," என்றார் சின்னக்குழந்தை, சிரிக்காமல்.

புதுப் பலகையில் ஓர் இணைப்பு மட்டும் தொல்லை கொடுத்தது. கடைசிப் பெட்டி அங்கேயே தடம் புரண்டது. விரலால் தடவித் தடவி, மயிரிழை தூக்கியிருந்த முனையைக் கண்டுபிடித்து அரத்தால் ராவினாள். மறுநாள் மூன்று பெட்டியும் விழாமல் சுற்றி வந்தன. ரவிக்கை வாங்க வந்த தேவயானி வாசலிலேயே நின்று பார்த்தாள். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, ரவிக்கையைக் கேட்காமலே பலகையருகே உட்கார்ந்தாள்.