எச்சில் விரலும் முட்டைப் புத்தகமும்

நூலகத்தில் அவளுக்கு வேலை முத்திரை குத்துவது. அதனால் பெயரும் முத்திரையக்கா. பத்தாம் வகுப்போடு படிப்புக்குப் பெரிய கும்பிடு போட்டவள். புத்தகத்தின் கடைசித் தாளைத் தவிர வேறு எதையும் புரட்டியதில்லை. அங்கேதானே தேதிச் சீட்டு ஒட்டியிருக்கிறது!

மூன்று வருடம் அந்தச் சீட்டில் தேதி விழாத புத்தகம் கழிவு. சாக்கில் கட்டி எடைக்குப் போட்டுவிடுவார்கள். ஒருநாள் சாக்கிலிருந்து ஒன்று துருத்திக்கொண்டிருந்தது. உள்ளே தள்ளப் போனவள் பிரித்துப் பார்த்துவிட்டாள். பறவை முட்டைகளின் படங்கள். யாரோ பேனாவை உதறியதுபோல் நீலத்தின்மேல் கரும்புள்ளிகள். முட்டை என்றால் அவிக்கவும் பொரிக்கவும் மட்டுமே தெரிந்தவள் சாக்கை மறந்து அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். இவ்வளவு அழகு, ஒரு ஆளும் பார்க்காமல் சாக்குக்குப் போகிறதே!

தன் பெயரில் எடுத்துத் தானே முத்திரை குத்தினாள். திருட்டுத்தனம்தான். ஆனால் படிக்காமல் குத்தினால் பாவம் என்று தனக்கு ஒரு சட்டம் போட்டுக்கொண்டாள். கிணறு வெட்டுவது, பாலம் கட்டுவது, கயிற்று முடிச்சுகள், நிலா, யாரும் சீண்டாத கவிதைகள், பல் நோய்கள் என்று இப்படியே பன்னிரண்டு சேர்ந்துவிட்டன.

"பல்லு நோயில என்னடி அழகு?" என்று சிரித்தான் தையல்காரக் கணவன்.

"வேரைப் பாருங்க, மரம் மாதிரியே இருக்கு."

பார்த்தான். அப்புறம் சிரிக்கவில்லை.

போன வாரம் புது அதிகாரியம்மா ஆய்வுக்கு வந்தார். பன்னிரண்டு சீட்டிலும் தேதிக்குப் பக்கத்தில் ஒரே உறுப்பினர் எண்.

"யாரு இந்த நூத்திநாலு?"

"நான்தான் மேடம்."

"எல்லாத்தையும் படிச்சீங்களா?"

"படிச்சேன் மேடம். ஒண்ணுவிடாம."

அதிகாரியம்மா பன்னிரண்டையும் மூடி மேசையில் அடுக்கினார். "உங்களை ஒண்ணும் பண்ணப் போறதில்லை. ஆனா ஊழியர் எடுத்தது செல்லாது. அஞ்சு மணிக்குக் கழிவுப் பட்டியல்ல கையெழுத்துப் போடுவேன். அதுக்குள்ள வெளியாள் எடுத்தா பொழைச்சுது. இல்லைன்னா சாக்குதான்."

நிமிர்ந்து யாரிடமும் பேசாதவள் அன்று கல்யாணத் தரகராகிவிட்டாள். வந்தவர்களையெல்லாம் மறித்தாள். கொத்தனார் பாலத்தை எடுத்துக்கொண்டார். கன்னத்தைப் பிடித்துக்கொண்டு வந்த டீச்சர் பல் நோயைக் கண்டதும் அலறிவிட்டுக் கவிதையை வாங்கிக்கொண்டாள். நாலரைக்குள் பல் நோய்கூடப் போய்ச் சேர்ந்தது, முட்டைப் புத்தகம்தான் பாக்கி.

அதை அவளே இழுப்பறையில் ஒளித்து வைத்திருந்தாள். வந்த ஒருவரும் அதற்குப் பொருத்தமாகப் படவில்லை. ஒருவர் ஓரம் மடிப்பவர். ஒருத்தி டீ டம்ளரை மேலேயே வைப்பவள். ஓய்வுபெற்ற தபால்காரர் வாய்விட்டே கேட்டார்.

"படம் போட்ட புத்தகம் ஏதாவது இருக்காம்மா?"

முப்பது வருடம் கடிதங்களைத் தெருவாரியாகப் பிரித்து அடுக்கிய பழக்கம், அவர் எச்சில் தொட்டுத்தான் பக்கம் புரட்டுவார். அந்த நீலத்தின்மேல் எச்சிலா!

"இல்லைங்கண்ணா" என்று வாய் கூசாமல் சொல்லிவிட்டாள்.

ஐந்துக்கு ஐந்து நிமிடம். மேசைகள் காலி. அதிகாரியம்மா பேனா மூடியைக் கழற்றினார். அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. முட்டைப் புத்தகத்தைச் சாக்குக்கு அனுப்பப் போவது பட்டியல் அல்ல, ஒளித்து வைத்த அவள்தான். வாசலில் தபால்காரர் செருப்பை மாட்டிக்கொண்டிருந்தார்.

"அண்ணா, நில்லுங்க! பொய் சொல்லிட்டேன். இருக்கு!"

அவசரத்தில் முத்திரை தலைகீழாக விழுந்தது. தபால்காரர் அங்கேயே நாக்கில் விரலைத் தொட்டுப் பக்கத்தைப் புரட்டினார். அவளுக்கு உடம்பெல்லாம் கூசியது.

நீல முட்டை வந்தது. அவர் மறுபடி நாக்குக்குக் கொண்டுபோன விரல் பாதி வழியில் நின்றுவிட்டது.

"அடேயப்பா" என்றார். விரலை வேட்டியில் துடைத்துக்கொண்டார்.

"பரவால்லண்ணா" என்றாள் முத்திரையக்கா, கண்ணைத் துடைத்தபடி. "எச்சில் தொட்டே புரட்டுங்க."