ஹார்ன் இல்லாத எஸ்யூவி

வாடகைக்கு எஸ்யூவி ஓட்டும் அவனுக்கு ஹார்ன் அடிக்காவிட்டால் கை அரிக்கும். "காது செவிடாகுது" என்று மனைவி திட்டாத நாளில்லை. இன்று மகள் பின்சீட்டில் மூச்சுத் திணறிக் கிடக்க, பாழாய்ப்போன வண்டி நடுரோட்டில் நின்றுவிட்டது. பானட்டைத் திறந்து ஃபியூஸ் பெட்டியைத் துழாவினான். டீசல் பம்பை இயக்கும் ரிலே என்ற குட்டி சுவிட்ச் கருகியிருந்தது. மாற்று ரிலே கையில் இல்லை. ஹார்ன் ரிலேயும் அதே ரகம்தான், பிடுங்கிச் சொருகினான். வண்டி உறுமியது. ஹார்ன் ஊமையானது. எதிரே ஒரே நெரிசல்.

"நீ ஓட்டுய்யா!" மனைவி ஜன்னல் வழியே பாதி உடம்பை வெளியே நீட்டினாள். "வழி விடுங்க, பிள்ளைக்கு மூச்சு முட்டுது!" ஆஸ்பத்திரி வாசல் வரை அடிவயிற்றிலிருந்து கத்தினாள்.

"குழந்தைக்கு என்னம்மா?" என்றாள் நர்ஸ்.

மனைவி வாயைத் திறந்தாள். வெறும் காற்றுதான் வந்தது.