இந்தத் தடவை சாகவில்லை

கல்கத்தாவில் பன்னீர்செல்வம் செத்த அளவுக்கு வேறு யாரும் செத்திருக்க மாட்டார்கள். ஹவுராவிலிருந்து கரக்பூர் போகிற லைனில் தண்டவாளத்தைக் குறுக்கே தாண்டப் போய்ச் செத்தார். படிக்கட்டில் தொங்கிக்கொண்டு போய்க் கம்பத்தில் மண்டை மோதிச் செத்தார். கூரைமேல் ஏறி மின்கம்பியைத் தொட்டுக் கரிக்கட்டையாகச் செத்தார். எவனோ ஒரு புண்ணியவான் பெட்டிக்குள் கொண்டுவந்த மண்ணெண்ணெய் அடுப்பு வெடித்து, வெந்தும் செத்தார். இத்தனைக்கும் பிறகு, சாயங்காலம் ஆபீஸ் விட்டதும் கார்டன் ரீச் சந்தையில் காலிஃபிளவருக்குப் பேரம் பேசி, பையோடு குவார்ட்டர்ஸுக்கு வந்து, வடை சுட்டிருக்கிறதா என்று கேட்பார்.

விஷயம் வேறொன்றுமில்லை. அவர் ரயில்வே விளம்பரப் பிரிவில் ஓவியர். சொந்த ஊர் போத்தனூர். கோயமுத்தூரில் சினிமா பேனர் வரைந்துகொண்டிருந்தவருக்கு ரயில்வேயில் இடம் கிடைக்க, மனைவி அருக்காணியோடு கல்கத்தாவுக்கு வந்து சேர்ந்தார். அந்தத் தொண்ணூறுகளில் பாதுகாப்பு விளம்பரத்துக்கு இருந்தது ஒரே கொள்கை: பார்க்கிறவன் வயிறு கலங்க வேண்டும். கை ஒரு பக்கம், கால் ஒரு பக்கம், நடுவில் ரத்தம், கீழே வங்காளம், இந்தி, ஆங்கிலம் மூன்றிலும் ஓர் எச்சரிக்கை. இந்த வேலைக்குப் பன்னீர்செல்வத்தைவிடப் பொருத்தமில்லாத ஆளைத் தேடினாலும் கிடைத்திருக்காது. மீன் வெட்டும்போது முகத்தைத் திருப்பிக்கொண்டு பையை நீட்டுகிற மனிதர் அவர். மகள் பூர்ணிமா முழங்காலைச் சிராய்த்துக்கொண்டு வந்தால் இவருக்குத் தலை சுற்றும். சிவப்புப் பெயின்ட் டப்பாவைத் திறந்தால் மட்டும் தாராளம்.

அவருக்கு ஒரு குறை உண்டு. பேனர் வேலையில் வந்த பழக்கம், எதிரே ஒரு முகம் இல்லாமல் முகம் வராது. மனசிலிருந்து போட்டால் பூசணிக்காய்க்குக் கண் வைத்தது போலிருக்கும். முதல் போஸ்டருக்கு ஆபீஸில் ஒவ்வொருவரிடமாகப் போய், கொஞ்ச நேரம் பிணமாக இருக்க முடியுமா என்று கேட்டார். யார்தான் ஒப்புக்கொள்வார்கள்? பக்கத்து மேஜை வங்காளி, “ஒலொக்குனே!” என்று கத்தினார். அபசகுனம் பிடித்தவனே என்று அர்த்தம். அப்புறம் பல நாள் அவர் இவரோடு சேர்ந்து டீ குடிக்கவில்லை. பன்னீர்செல்வம் கை கழுவும் இடத்திலிருந்த கண்ணாடியைக் கழற்றி வந்து மேஜையில் சாய்த்தார். வாயைப் பிளந்தார், கண்ணைச் செருகினார், தன்னையே பார்த்து வரைந்தார். பிரமாதமாக வந்துவிட்டது. அன்றிலிருந்து ரயில்வேயின் ஆஸ்தான பிணம் அவர்தான்.

முகம் மட்டுமா? சட்டையும் அவருடையதுதான். அருக்காணியின் அண்ணன் உத்தமன் ஒரு தீபாவளிக்குத் திருப்பூரிலிருந்து எடுத்து அனுப்பிய காப்பிக்கலர் கட்டம் போட்ட சட்டை. அந்தக் கட்டங்களில் ரத்தம் பரவுவது போல வரைவதில் அவருக்கு ஒரு தனி ருசி.

பூர்ணிமாவுக்கு இது விளையாட்டாகப் போய்விட்டது. தமிழைவிட வங்காளம் சரளமாகப் பேசுகிற பிள்ளை. புதிதாக எங்காவது போஸ்டரைக் கண்டால் வீட்டுக்கு வந்து, “அப்பா, ஆபார் மோரே கேச்சோ?” என்பாள். மறுபடியும் செத்துட்டியா என்று. லெவல் கிராசிங் டீக்கடைக்காரர்கள்கூட அவரை அடையாளம் கண்டு, செத்த தாதாவுக்கு, அதாவது செத்த அண்ணனுக்கு, சர்க்கரை தூக்கலாக ஒரு டீ என்பார்கள்.

அருக்காணிக்கு மட்டும் அது விளையாட்டில்லை. ரயிலில் போகும்போது கேட் வருகிறது என்றாலே முந்தானையை இழுத்துக் கண்ணை மூடிக்கொள்வாள். கை தானாகத் தாலிக்குப் போகும்.

“அது நானில்ல, அருக்காணி. வெறும் பெயின்ட்டு” என்பார் பன்னீர்செல்வம்.

“பெயின்ட்டுக்கு எங்கண்ணன் எடுத்துக்குடுத்த சட்டைய எதுக்குங் மாட்டி உடறீங்க?”

சட்டையை அவள் பெட்டியின் அடியில் ஒளித்து வைத்தாள். பலனில்லை. அவருக்கு அந்தக் கட்டங்கள் மனப்பாடம்.

தொண்ணூற்றொன்பதில் உத்தமன் தங்கையைப் பார்க்கக் கிளம்பி வந்தார். வண்டி கரக்பூரில் நின்றது. கால் நீட்டலாம் என்று பிளாட்பாரத்தில் இறங்கியவர் எதிர்ச் சுவரைப் பார்த்தார். மாப்பிள்ளை தண்டவாளத்தில் கிடக்கிறார். வாய் பிளந்திருக்கிறது. தான் எடுத்துக்கொடுத்த சட்டை முழுக்க ரத்தம். கீழே என்னவோ எழுதியிருக்கிறது, மூன்று மொழியில் ஒன்றுகூட அவருக்குப் படிக்க வராது. நம் ஊர் ஸ்டேஷன்களில் ரயில்வே போலீஸ் ஒட்டுகிற நோட்டீஸ் உண்டல்லவா, அடையாளம் தெரியாத பிணம், தெரிந்தவர்கள் தகவல் கொடுக்கவும் என்று? உத்தமன் அதுதான் என்று முடிவு கட்டிவிட்டார். அவரைக் குற்றம் சொல்ல முடியாது. மாப்பிள்ளைக்கு ரயில்வேயில் ஏதோ வரைகிற வேலை என்று தெரியுமே தவிர, தன்னையே கொன்று வரைகிறார் என்று யார் அவருக்குச் சொன்னார்கள்?

பிளாட்பாரத்து எஸ்.டி.டி. பூத்திலிருந்து போத்தனூரில் தன் வீட்டுக்குப் பக்கத்து மளிகைக் கடைக்குப் போன் போட்டார். வண்டி ஊதிவிட்டது. “மாப்ள போயிட்டாரு” என்று மட்டும் சொல்லிவிட்டு ஓடி வந்து ஏறினார்.

கார்டன் ரீச்சில் டாக்சியை விட்டு இறங்கும்போதே அழுதுகொண்டு வந்தார். “அம்மிணீ...” என்று அவர் போட்ட சத்தத்தில் எதிர் வீட்டு ஜன்னல்கள் திறந்துகொண்டன. கதவைத் திறந்தது பன்னீர்செல்வம். லுங்கியும் பனியனுமாக, வாயில் பல் தேய்க்கும் பிரஷ்ஷோடு.

“வாங்க மச்சான். என்னாச்சு, யாருக்கு என்ன?”

உத்தமன் அவரை மேலும் கீழும் பார்த்தார். படியிலேயே உட்கார்ந்துவிட்டார்.

விஷயம் தெரிந்து எதிர்வீட்டார் சிரித்தார்கள், பூர்ணிமா சிரித்தாள், தண்ணீர் குடித்து ஆசுவாசப்பட்டதும் உத்தமனே சிரித்தார். மளிகைக் கடைக்குப் போன் போட்டபோது அங்கே வீட்டு வாசலில் பந்தல் போட ஆள் வந்தாயிற்று. மாப்பிள்ளை உயிரோடு இருக்கிறார் என்று சொன்னால் நம்ப ஆளில்லை. பன்னீர்செல்வமே ரிசீவரை வாங்கி, “அத்தை, நாந்தான் பேசறேன்” என்றார். அந்தப் பக்கம் மாமியார் வீலென்று கத்திவிட்டுப் போனைப் போட்டுவிட்டார்.

அருக்காணி சிரிக்கவில்லை. சமையலறையில் நின்றபடி அடுப்பைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் உள்ளே போனதும் திரும்பினாள்.

“அரை நாளு அங்க என்னையத் தாலியறுத்தவளா வெச்சிருந்தாங்க. எங்கம்மா மார்ல அடிச்சிட்டு அழுதிருக்குது. நீங்க எல்லாரும் சிரிங்க.”

“அருக்காணி...”

“இன்னொருக்கா நீங்க செத்தீங்கன்னா, நான் பூர்ணிமாளக் கூட்டிட்டு ஊருக்குப் போயிருவனுங்.”

சொன்னதைச் செய்கிற பெண்பிள்ளை அவள். பன்னீர்செல்வத்துக்கு அது நன்றாகத் தெரியும்.

நல்லவேளையாக அடுத்த சில மாதம் கால அட்டவணை, புது வண்டி, பூஜா வாழ்த்து என்று சாதுவான வேலைகளாக வந்தன. அப்புறம் ஒரு புது அதிகாரி வந்தார். சுறுசுறுப்பானவர், வந்த வேகத்தில் லைன் முழுக்கச் சுற்றிப் பார்த்துவிட்டுப் பன்னீர்செல்வத்தைக் கூப்பிட்டார். உங்கள் போஸ்டர்களைப் பார்த்து யாரும் பயப்படுவதில்லை என்றார். ஒரு கேட்டில் பிணத்தின் மூக்குக்கு நேரே ஆணி அடித்துத் துண்டு காயப் போட்டிருக்கிறார்கள். ஜனங்கள் பிணத்துக்குப் பக்கத்திலேயே குனிந்து கேட்டுக்கு அடியில் புகுந்து போகிறார்கள். இன்னும் பலமாக அடிக்க வேண்டும். ஆண் பிணம் போதாது. ஒரு அம்மா, ஒரு பெண் குழந்தை. இரண்டு பேரும் தண்டவாளத்தில்.

பன்னீர்செல்வம் சரி என்று தலையாட்டிவிட்டு வெளியே வந்தார். சம்பளம் வாங்குகிறவன் வேறென்ன செய்வான்? ஆனால் அவருக்குப் பார்க்காமல் முகம் வராது. அம்மா முகத்துக்கும் குழந்தை முகத்துக்கும் எங்கே போவார்?

ஞாயிற்றுக்கிழமை அருக்காணி ஜன்னலோரம் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். பூர்ணிமா அவள் மடியில் தலை வைத்துப் படுத்திருந்தாள். பன்னீர்செல்வம் அட்டையை முழங்காலில் வைத்துக்கொண்டார். அருக்காணியின் நெற்றி வந்தது, மூக்குத்தி வந்தது, பூர்ணிமாவின் பின்னல் வந்தது. இனிக் கண்களைச் செருக வேண்டும். பொட்டை ரத்தத்தால் அழிக்க வேண்டும். பென்சில் அங்கே வந்து நின்றது. நின்றது நின்றதுதான். தன் முகத்தை எத்தனை தரம் கொன்றபோதும் அவருக்கு ஒன்றும் ஆனதில்லை. ஒவ்வொரு கேட்டிலும் இவள் முந்தானைக்குள் என்ன பாடு பட்டிருப்பாள் என்பது அந்த நிமிஷம்தான் அவருக்குப் புரிந்தது. வெட்கமாக இருந்தது. அட்டையைத் திருப்பி வைத்துவிட்டுக் கீரை ஆயப் போய் உட்கார்ந்தார்.

“என்னுங் வரைஞ்சீங்க?”

“ஒண்ணும் சரியா வரல” என்றார்.

மறுநாள் ஆபீஸில் கண்ணாடியை எடுத்துச் சாய்த்தார். வாயைப் பிளக்கவில்லை. முடிந்த படத்தை அதிகாரியின் மேஜையில் கொண்டுபோய் வைத்தார். மூடிய கேட், பின்னால் போகிற ரயில், கேட்டுக்கு இந்தப் பக்கம் கட்டம் போட்ட சட்டைக்காரர் ஒருவர். கையிலிருந்த பையில் காலிஃபிளவர் தலை நீட்டுகிறது. சலித்துப்போய்க் கொட்டாவி விடப் போகிற முகம். கீழே ஒரே ஒரு வங்காளச் சொல்: ஆஷ்ச்சி. வந்துகொண்டிருக்கிறேன் என்று அர்த்தம். வீட்டை விட்டுக் கிளம்புகிறபோது வங்காளிகள் போகிறேன் என்று சொல்வதில்லை, நாம் போய்விட்டு வருகிறேன் என்பது போல அவர்கள் ஆஷ்ச்சி என்றுதான் சொல்வார்கள்.

அதிகாரி படத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ரத்தம் எங்கே, பயம் எங்கே, நான் கேட்ட அம்மாவும் குழந்தையும் எங்கே என்றார். பன்னீர்செல்வத்துக்கு வாதம் பண்ண வராது. வருகிற இந்தியும் கொஞ்சம்தான்.

“இஸ் பார் நஹி மரா, ஸார்” என்றார். இந்தத் தடவை சாகவில்லை, ஸார்.

யார் சாகவில்லை என்று கேட்கப் போன அதிகாரி படத்தைப் பார்த்தார், எதிரே நின்றவரைப் பார்த்தார். லைன் முழுக்கச் சுற்றி வந்தவர், அத்தனை பிணத்தையும் பார்த்தவர், தினம் வணக்கம் சொல்கிற முகம்தான் அது என்பதை அப்போதுதான் கண்டார். திடுக்கிட்டு நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளிவிட்டார். படத்தை மறுபடி எடுத்துப் பார்த்துவிட்டு, சரி, ஒரே ஒரு கேட்டில் வைத்துப் பார்க்கலாம் என்றார்.

சாந்த்ராகாச்சிப் பக்கம் ஒரு கேட்டில் பழைய பிணத்தை எடுத்துவிட்டு இதை மாட்டினார்கள். அவசர அவசரமாகக் குனிய வந்த ஆட்கள் நின்றார்கள். சைக்கிள்காரர்கள் கால் ஊன்றினார்கள். “ஆரே, பேன்ச்சே ஆச்சே!” என்று ஒருவருக்கொருவர் காட்டிக்கொண்டார்கள். அட, உயிரோட இருக்கான்! வருஷக் கணக்காகச் செத்துக் கிடந்த மனிதர் காலிஃபிளவரோடு நிற்பதைப் பார்க்காமல் எப்படிப் போவது? விபத்து குறைந்ததா என்று எனக்குத் தெரியாது. நின்றார்கள், அது நிஜம்.

அருக்காணிக்கு இதைச் சொன்னவள் பூர்ணிமா. அருக்காணி நம்பவில்லை. அடுத்த விடுமுறையில் பன்னீர்செல்வம் அவளை லாஞ்சில் ஏற்றி, ஆற்றைத் தாண்டி, பஸ் பிடித்துக் கூட்டிப்போனார். கேட் பக்கம் வந்ததும் வழக்கம்போல முந்தானை முகத்துக்கு ஏறியது. “அட, பாரு புள்ள” என்றார். அவள் ஒரு கண்ணை மட்டும் திறந்தாள். அப்புறம் இரண்டு கண்ணையும். கிட்டப் போனாள், சட்டையின் ஒவ்வொரு கட்டமாகப் பார்த்தாள், எங்கும் சிவப்பில்லை. முந்தானை முடிச்சை அவிழ்த்து, வீட்டிலிருந்தே கொண்டுவந்த உப்பையும் மிளகாயையும் எடுத்து, படத்து முகத்துக்கு மூன்று சுற்றுச் சுற்றி ரோட்டோரம் வீசினாள். கேட்மேன் ஆவென்று பார்த்துக்கொண்டிருந்தார்.

“அப்ப எனக்கு?” என்றார் பன்னீர்செல்வம்.

“உங்குளுக்கு வீட்டுல போய்ச் சுத்திக்கலாம்.”

மணி அடித்து, கேட் இறங்கியது. அந்தப் பக்கம் அவர்கள் ஏற வேண்டிய மினி பஸ் வந்து நின்று, கண்டக்டர் கூவ ஆரம்பித்தார். ரயிலையே இன்னும் காணோம். இத்தனை வருஷம் ஊருக்கே பாடம் எடுத்த பன்னீர்செல்வம், “வா வா, பஸ்ஸு போயிரும்” என்று சொல்லிக்கொண்டே, பழக்க தோஷத்தில் சடாரென்று குனிந்து கேட்டுக்கு அடியில் தலையை விட்டார்.

பின்னாலிருந்து ஒரு கை அவர் சட்டையைக் கொத்தாகப் பிடித்து இழுத்தது. பொத்தான் ஒன்று தெறித்துப் போனது.

“அங்க நிக்கறவரைப் பாருங்க” என்றாள் அருக்காணி. “எத்தன லட்சணமா நிக்கறாரு. நில்லுங்க அவராட்டமா.”

பன்னீர்செல்வம் நின்றார், கையில் பையோடு, படத்தில் நின்ற மாதிரியே. கரக்பூர் லோக்கல் வந்து, தடதடவென்று போய், கேட் முழுக்க மேலே ஏறுகிற வரைக்கும் அவள் சட்டையை விடவில்லை.