ஆளில்லாத வீட்டில் ரேடியோ

இன்று காலை எழுந்ததும், அடுப்பைப் பற்றவைக்கும் முன்பே ரேடியோவைப் போட்டேன். அம்மா போனதிலிருந்து அதுதான் வழக்கம்.

பள்ளிக்கூடம் கிளம்பும்போதும் அணைப்பதில்லை. திரும்பி வந்து கதவைத் திறந்தால் உள்ளே ஒரு குரல் கேட்க வேண்டும், அவ்வளவுதான்.

இன்று அரைநாள் பள்ளி. மத்தியானம் நான் பூட்டைத் திறக்கும்போது மின்சார மீட்டர் பார்க்கிறவர் வந்து சேர்ந்தார்.

"ஒவ்வொரு தபாவும் கரண்டு பில்லு ஏறிகினே கீது டீச்சரம்மா. வூட்ல எத்தினி பேரு?"

"நான் ஒருத்திதான்."

அவர் நம்பவில்லை. எந்த விளக்கு எவ்வளவு நேரம் எரிகிறது என்று ஒவ்வொன்றாகக் கேட்டுக்கொண்டே உள்ளே வந்தார். கூடத்தில் ரேடியோ வெறுமனே இரைந்துகொண்டிருந்தது. மத்தியான ஒலிபரப்பு முடிந்திருந்தது.

"இன்னாம்மா இது, ஸ்டேஷன்காரனே சாப்ட்டுத் தூங்கப் பூட்டான். உங்க ரேடியோ யாருக்குப் பாடிகினு கீது, பல்லிக்கா?"

"அணைக்க மறந்துட்டேன்" என்று சொல்லி நானும் சிரித்தேன்.

அவர் போனதும் அணைத்தேன். பழைய வால்வு ரேடியோ, கரண்டை நிறையக் குடிக்கும். என் சம்பளத்தில் இந்த பில்லை இப்படியே ஏறவிட முடியாது. ஆனால் வீடு அடங்கியதும் உட்கார முடியவில்லை. எழுந்து போய் மறுபடி போட்டேன். இரைச்சல்தான் வந்தது. அதையும் கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தேன்.

அப்போதுதான் முடிவு செய்தேன். அண்ணனிடம்கூட இன்னும் சொல்லவில்லை. அம்மாவின் அறையை வாடகைக்கு விடப்போகிறேன்.

செங்கற்பட்டில் வேலைக்கு வந்து இடம் தேடுகிற பெண் யாரையாவது தெரிந்தால் சொல்லுங்கள். வாடகையைக் குறைத்துக்கொள்ளலாம். வாய் ஓயாமல் பேசுகிறவளாக இருந்தால் போதும்.